யாரும் கேட்ச் புடிக்கல, ஆனாலும் அவுட்! பேஸ்பால்ல மட்டும் இது எப்படி?

2012, அக்டோபர் 5, அட்லாண்டா. ப்ளேஆஃப் மேட்ச், அதுவும் ஒரே ஒரு மேட்ச், தோத்தவங்க மூட்டையக் கட்டிட்டு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். அட்லாண்டா பிரேவ்ஸ் 6-3ன்னு பின்னாடி இருக்காங்க, மொத்தம் ஒம்பது இன்னிங்ஸ்ல எட்டாவது இன்னிங்ஸ், ஒரு அவுட்டு, ஃபர்ஸ்ட் பேஸ்ல ஒரு ஆளு செகண்ட் பேஸ்ல ஒரு ஆளு. ஆண்ட்ரெல்டன் சிம்மன்ஸ் அடிக்கிறாரு, பந்து வானத்துக்குப் போகுது. எதிர் டீமான கார்டினல்ஸோட ஷார்ட்ஸ்டாப் (செகண்ட் பேஸுக்கும் தேர்ட் பேஸுக்கும் நடுவுல நிக்கிற ஃபீல்டர்) பீட் கோஸ்மா பின்னாடியே ஓடி ஓடி, கைய தூக்கி "நான் நான்"னு காட்டிட்டு, கடைசி நொடில சட்டுன்னு ஒதுங்கிடுறாரு. பந்து பொத்துன்னு புல்லுல விழுது. ஸ்டேடியமே எழுந்து நின்னு கத்துது, பேஸ் ஃபுல்லு, இனி ஒரு அடி போதும்!

அப்போ லெஃப்ட் ஃபீல்ட் ஓரத்துல நின்ன அம்பயரு ஒரு கைய மேல தூக்கியிருக்காரு. பேட்டர் அவுட்.

யாருமே புடிக்கலயே? புடிக்கல. பந்து தரைல கெடக்கு. ஆனாலும் அவுட்டு. அவ்ளோதான், பாட்டிலு, கப்பு, குப்பைன்னு கைல கெடச்சதெல்லாம் கிரவுண்டுக்குள்ள பறக்குது, மேட்ச் 19 நிமிஷம் நின்னு போச்சு.

இன்னைக்கு வீடியோ இதப் பத்திதான் மக்களே. பேஸ்பால்ல ஃபீல்டிங் ரூலெல்லாம் ஏன் இப்படி கிறுக்குத்தனமா இருக்குன்னு நெனைக்கிறவங்க முழுசா பாருங்க, ஏன்னா இது எல்லாத்துக்கும் அடில ஒரே ஒரு காரணம்தான் இருக்கு. கிரிக்கெட்ல கேட்ச விட்டா நஷ்டம், எப்பவுமே நஷ்டம். பேஸ்பால்ல சில நேரம் கேட்ச வேணும்னே விட்டா லாபம்! அந்த லாபத்தை எடுக்க விடாம தடுக்கத்தான் பாதி ரூலே எழுதியிருக்காங்க.

[திரையில்: மைதானத்தின் படம், நாலு பேஸ்]

அடிப்படைய வேகமா முடிச்சிடுறேன். ஒரு டீம்ல ஒம்பது பேரு ஃபீல்டிங். நாலு பேஸு (பேட்டர் நின்னு அடிக்கிற ஹோம் ப்ளேட்டையும் சேத்து), ஒண்ணுக்கொண்ணு 90 அடி தூரம், எல்லாத்தையும் சுத்தி ஹோம் ப்ளேட்டுக்கு வந்தா ஒரு ரன், மூணு அவுட் ஆனா அந்தப் பக்கம் முடிஞ்சுது. ஆளுக்கு ஒரு நம்பர் இருக்கு, சட்டைல இருக்குற நம்பர் இல்ல, இடத்துக்கான நம்பர். பந்து வீசுற பிட்சர் 1, பேட்டருக்குப் பின்னாடி இருக்குற கேட்சர் 2, ஃபர்ஸ்ட் பேஸ் 3, செகண்ட் 4, தேர்ட் 5, ஷார்ட்ஸ்டாப் 6, அப்புறம் லெஃப்ட், சென்டர், ரைட் ஃபீல்ட் 7, 8, 9. கமெண்ட்ரில "6-4-3 டபுள் ப்ளே"ன்னா ஷார்ட்ஸ்டாப் எடுத்து செகண்ட் பேஸ்மேனுக்குக் குடுத்து அவரு ஃபர்ஸ்ட்டுக்கு அடிச்சு ரெண்டு பேரக் காலி பண்ணிட்டாங்கன்னு அர்த்தம். போதும்.

இப்போ கொஞ்சம் கவனமா கேளுங்க, வீடியோவோட உயிரே இங்கதான் இருக்கு. ஒரு பேஸ்ல ஒருத்தர்தான் இருக்க முடியும். பேட்டர் பந்த தரையோட அடிச்சாருன்னா அவரு ஃபர்ஸ்ட்டுக்கு ஓடியே ஆகணும், அதனால ஃபர்ஸ்ட்ல இருந்தவரு செகண்டுக்கு ஓடியே ஆகணும், செகண்ட்ல இருந்தவரு தேர்டுக்கு. பின்னாடி இருந்து தள்ளுறாங்க. அந்த நேரத்துல ஃபீல்டர் ரன்னரத் தொடவே வேணாம், பந்த கைல வெச்சுக்கிட்டு பேஸ மிதிச்சாலே அவுட்டு. இதுதான் ஃபோர்ஸ் அவுட். தள்ளுறதுக்கு ஆளு இல்லைன்னா பந்து இருக்குற கையால ரன்னரத் தொடணும், அது டேக் அவுட்.

ஆனா பந்து காத்துலயே புடிபட்டா? கணக்கு அப்படியே தலைகீழ். பேட்டர் அவுட்டு, தள்ளுறதுக்கு ஆளே இல்ல, இப்போ ரன்னர் பழைய பேஸுக்குத் திரும்பி வந்து தொட்டாகணும். வர்றதுக்குள்ள பந்து அந்த பேஸுக்கு வந்துட்டா அவரும் அவுட்டு.

இப்போ செகண்ட் பேஸ்ல நிக்கிற அந்த ரன்னரா நீங்க இருங்க. பந்து மேல இருக்கு. ஓடிட்டீங்க, புடிச்சிட்டான், திரும்பி வர முடியாது, அவுட்டு. ஓடாம நின்னீங்க, கீழ போட்டுட்டான், முன்னாடி போக டைம் இல்ல, அவுட்டு. இருதலைக் கொள்ளி எறும்புன்னு சொல்லுவாங்கல்ல, அத கிரவுண்ட்ல பாக்கணும்னா இந்த ரன்னரப் பாருங்க. ஃபீல்டர் என்ன பண்றாருன்றதப் பொறுத்துதான் உங்க உசுரு, அதுவும் அவரு கடைசி நொடில முடிவெடுக்கலாம். சும்மா உயரமா வந்த ஒரு பந்த முன்னாடி தொம்முன்னு விழ விட்டுட்டு, எடுத்து தேர்டுக்கு எறிஞ்சு, அங்கேர்ந்து செகண்டுக்கு எறிஞ்சா ரெண்டு அவுட்டு. ஒழுங்கா புடிச்சிருந்தா ஒண்ணுதான் கெடச்சிருக்கும். அப்போ எவன் புடிப்பான்?

இந்தத் திருட்டுத்தனத்தை நிறுத்தத்தான் 1890கள்லயே கொண்டு வந்தாங்க, இன்ஃபீல்ட் ஃப்ளை ரூல். ரெண்டு அவுட் ஆகாம இருக்கணும், ஃபர்ஸ்ட்டும் செகண்டும் நிரம்பி இருக்கணும், இல்ல மூணு பேஸுமே நிரம்பி இருக்கணும், பந்து கோட்டுக்குள்ள உயரமா வரணும் (நேரா சீறிக்கிட்டு வர்ற லைன் டிரைவும், தட்டி விடுற பன்ட்டும் இதுல சேராது), ஒரு இன்ஃபீல்டர் (பேஸ் பக்கமா நிக்கிற ஃபீல்டர்) பெருசா அலட்டிக்காம புடிக்கக்கூடிய பந்தா இருக்கணும். இவ்ளோவும் பொருந்துனா அம்பயர் கைய தூக்கிடுவாரு, பேட்டர் அந்த நிமிஷமே அவுட்டு. பேட்டர் அவுட் ஆனதால தள்ளுறதுக்கு ஆளு இல்ல, ஃபோர்ஸ் போச்சு, ரன்னருங்க நிம்மதியா பேஸ்லயே நிக்கலாம். இப்போ ஃபீல்டர் பந்த விட்டாலும் ஒண்ணுதான் புடிச்சாலும் ஒண்ணுதான். எனக்கு இந்த ரூல் மேல தனிப் பாசம் இருக்கு. ஏமாத்துனா தண்டனைன்னு இது எங்கயும் சொல்லல, ஏமாத்துறதுல கெடைக்கிற லாபத்தையே எடுத்துடுச்சு. என்ன மூளைங்க அது!

சரி அட்லாண்டாவுக்கு வாங்க. பந்து விழுந்தது பேஸுக்கெல்லாம் அந்தப் பக்கம் இருக்குற அவுட்ஃபீல்ட் புல்லுல, அப்புறம் எப்படி "இன்ஃபீல்ட்" ஃப்ளைன்னு அன்னைக்கு கத்துனாங்க, இன்னைக்கும் கத்துறாங்க. ரூல்ல பந்து எங்க விழுதுன்னு கணக்கே இல்ல, யாரு புடிக்க முடியும்ன்றதுதான் கணக்கு. கோஸ்மா இன்ஃபீல்டர், பந்துக்குக் கீழ போய் நின்னுட்டாரு, கையத் தூக்கிட்டாரு. எழுத்துப்படி அம்பயரு சொன்னது நிக்கும். ஆனா என் கருத்து வேற. இந்த ரூல் இருக்குறதே ரன்னரக் காப்பாத்த, சீக்கிரமா கை தூக்குனாதான் அவருக்கு உபயோகம், அன்னைக்கு கை மேல போனப்போ பந்து கிட்டத்தட்ட தரைக்கே வந்துடுச்சு. அவ்ளோ லேட்டா சொல்லி யாரக் காப்பாத்துறது? அவ்ளோ தூரத்துல கோஸ்மாவே வேணும்னு விட்டிருந்தாலும் டபுள் ப்ளே எடுத்திருப்பாரான்னு எனக்கு சந்தேகம்தான். மேட்ச் அதே 6-3லயே முடிஞ்சுது, அட்லாண்டாவோட சிப்பர் ஜோன்ஸ்ன்ற பெரிய ஆட்டக்காரருக்கு அதுதான் கடைசி மேட்ச். நீங்க அம்பயரா இருந்தா என்ன சொல்லியிருப்பீங்க, கமெண்ட்ல போடுங்க, நான் எல்லாத்தையும் படிப்பேன்.

[திரையில்: கேட்சர், முகமூடியோடு]

அடுத்தது இன்னும் விசித்திரம். மட்டைய வீசித் தவற விட்டாலோ, நல்ல பந்த அடிக்காம விட்டாலோ அது ஒரு ஸ்ட்ரைக். மூணு ஸ்ட்ரைக் போனா பேட்டர் அவுட், இது எல்லாருக்கும் தெரியும். ஆனா அந்த மூணாவது ஸ்ட்ரைக்க கேட்சர் ஒழுங்கா புடிக்கலன்னா? பேட்டர் ஃபர்ஸ்ட்டுக்கு ஓடலாம்! வீசுன மட்டை காத்துல போச்சு, பந்து மேல படவே இல்ல, இருந்தாலும் ஓடலாம். கேட்சர் ஓடிப்போய் பந்த எடுத்து அவர டேக் பண்ணனும், இல்ல ஃபர்ஸ்ட்டுக்கு எறியணும்.

1941, வேர்ல்ட் சீரிஸ் (சாம்பியன் யாருன்னு முடிவு பண்ற கடைசி தொடர்), நாலாவது மேட்ச். புரூக்ளின் டாட்ஜர்ஸ் 4-3ன்னு முன்னாடி, ஒம்பதாவது இன்னிங்ஸ், ரெண்டு அவுட், பேஸ்ல ஒரு ஆளு இல்ல. யாங்கீஸ் டீமோட டாமி ஹென்ரிச் மூணாவது ஸ்ட்ரைக்குக்கு மட்டைய வீசி, பந்தத் தவற விட்டுட்டாரு. மேட்ச் முடிஞ்சுது! முடியல. கேட்சர் மிக்கி ஓவன் கைய விட்டுப் பந்து பின்னாடி உருண்டு போச்சு, ஹென்ரிச் ஃபர்ஸ்ட்ல போய் நின்னுட்டாரு. அங்கேர்ந்து ஆரம்பிச்சது, யாங்கீஸ் நாலு ரன் எடுத்து 7-4ன்னு ஜெயிச்சு, அடுத்த நாளு சீரிஸையும் தூக்கிட்டாங்க. தேதி என்ன தெரியுமா? அக்டோபர் 5. அட்லாண்டால பாட்டில் பறந்த அதே தேதி, 71 வருஷம் முன்னாடி. இதக் கண்டுபுடிச்சப்போ எனக்கு உடம்பு சிலிர்த்துடுச்சு.

இதுலயும் அதே திருட்டுக் கணக்கு ஒளிஞ்சிருக்கு பாருங்க. ரெண்டு அவுட் ஆகாதப்போ ஃபர்ஸ்ட்ல ஆளு இருந்தா இந்த ஓட்டம் கெடையாது, பேட்டர் நேரா அவுட்டு. ஏன்? ஓடலாம்னு விட்டிருந்தா கேட்சர் வேணும்னே பந்த கீழ போட்டுட்டு செகண்டுக்கும் ஃபர்ஸ்ட்டுக்கும் எறிஞ்சு ரெண்டு பேரத் தூக்கிடுவாரு. பேரு வேற, இடம் வேற, பூட்டு அதே பூட்டு. இன்னொண்ணு, இந்த ரூலால ஒரு பிட்சர் ஒரே இன்னிங்ஸ்ல நாலு பேர ஸ்ட்ரைக் அவுட் பண்ண முடியும், நெஜமாவே நடந்திருக்கு.

மூணாவது, டேக் அப். கேட்ச் புடிச்சதும் கிரிக்கெட்ல பந்து செத்துடும். இங்க பந்து உயிரோடதான் இருக்கும், பேஸத் தொட்டுட்டு நிக்கிற ரன்னர் அதுக்கப்புறம் ஓடலாம். தேர்ட்ல நிக்கிறவரப் பாருங்க, ஒரு கால் பேஸ் ஓரத்துல, முட்டி மடங்கியிருக்கு, உடம்பு ஹோம் ப்ளேட் பக்கம் சாஞ்சிருக்கு, கண்ணு மட்டும் தூரத்துல ஃபீல்டரோட க்ளவ் மேல. அந்தப் பக்கம் நல்ல அவுட்ஃபீல்டர் பந்து விழற எடத்துல போய் நிக்க மாட்டாரு, ரெண்டு எட்டு பின்னாடியே நிப்பாரு, பந்து வர்றப்போ முன்னாடி வந்து புடிச்சு அந்த வேகத்தோடயே எறிவாரு.

ரன்னர் எப்போ கிளம்பலாம்? பந்து முழுசா கைக்குள்ள அடங்குனப்புறம்னு நெனச்சீங்கன்னா தப்பு. பந்து க்ளவ்ல முதல் தடவ பட்டதுமே கிளம்பலாம். ஏன்னு யோசிங்க. அடங்குனப்புறம்தான்னு இருந்தா, ஃபீல்டரு பந்த கைல வாங்காம தட்டித் தட்டிக்கிட்டே, பூப்பந்து மாதிரி தூக்கிப் போட்டுக்கிட்டே இன்ஃபீல்ட் வரைக்கும் ஓடி வந்துடுவாரு, ரன்னர் பாவம் பேஸ்லயே நிக்கணும்! நெனச்சுப் பாத்தாலே சிரிப்பு வருது, ஆனா அதுக்கும் ரூல் எழுதி வெச்சிருக்காங்க.

வேலி விஷயத்த ஒரு நிமிஷத்துல சொல்றேன், கிரிக்கெட் பாக்குறவங்களுக்கு இது தூக்கம் கெடுக்கும். பந்த புடிச்ச அப்புறம் வேலிய தாண்டி கூட்டத்துக்குள்ள விழுந்தா கிரிக்கெட்ல சிக்ஸ், பேஸ்பால்ல அவுட்டு! ரன்னருங்களுக்கு ஒரு பேஸ் கெடைக்கும், அவ்ளோதான். அதே நேரம் 1993ல டெக்ஸஸ் ரேஞ்சர்ஸ் டீமோட ஹோசே கன்சேகோ வேலி கிட்ட கேட்சுக்குப் போனாரு, பந்து அவரு தலைல டொங்குன்னு பட்டு எகிறி வேலிக்கு அந்தப் பக்கம் விழுந்துச்சு. ஹோம் ரன், நம்ம சிக்ஸ் மாதிரி. தொப்பியக் கழட்டி அதுல புடிக்கலாமேன்னு தோணுதா? அது கேட்ச்சே இல்ல, அடிச்ச பந்த வேணும்னு கழட்டுன தொப்பியால தொட்டாலே எல்லாருக்கும் மூணு பேஸ் தானம்.

க்ளவ் பத்தி தனி வீடியோவே போடலாம், இப்போ ஒண்ணே ஒண்ணு. 1954க்கு முன்னாடி வரைக்கும் பேட்டிங்குக்குப் போறப்போ ஃபீல்டருங்க க்ளவ்வ கிரவுண்ட்லயே போட்டுட்டுப் போவாங்க, எதிர் டீம் அதுக்கு நடுவுல ஆடும். கூடாதுன்னு ரூல் வந்தப்புறம்தான் கைல எடுத்துட்டுப் போனாங்க.

முடிக்கிறதுக்கு முன்னாடி ஒரு கேள்வி. ஒரு அவுட்டு. ஃபர்ஸ்ட்ல மட்டும் ஆளு, மத்த பேஸெல்லாம் காலி. பேட்டர் உயரமா தூக்கி அடிக்கிறாரு, ஷார்ட்ஸ்டாப் கீழ வந்து நிக்கிறாரு. இங்க இன்ஃபீல்ட் ஃப்ளை கெடையாது, அம்பயர் கை தூக்க மாட்டாரு. ஷார்ட்ஸ்டாப் பந்த தொடாமலே கீழ விழ விட்டாருன்னா டபுள் ப்ளே கெடைக்குமா? ரூல் எழுதுனவங்க இந்த இடத்துல ஏன் பாதுகாப்பு குடுக்காம விட்டாங்க? ஒரு குறிப்பு மட்டும் தர்றேன், பந்து மேல இருக்குற நேரம் முழுக்க பேட்டர் என்ன பண்ணிக்கிட்டு இருக்கணும்னு யோசிங்க. பதில கமெண்ட்ல போடுங்க, சரியா சொன்ன முதல் ஆளோட கமெண்ட்ட பின் பண்றேன்.