ராஜா போயாச்சு, பட்டம் மட்டும் எப்படி? (கேள்வி பதில்)

அடுத்த கேள்வி. இத நேத்து ராத்திரி படிச்சேன், அதுலேர்ந்து மண்டைக்குள்ளயே ஓடிக்கிட்டு இருக்கு. ஒரு தம்பி கேட்டிருக்கார், "இத்தாலில மன்னராட்சி 1946லயே முடிஞ்சுது, ஆனா அந்த சவோய் ராஜ குடும்பம் இன்னும் நைட் பட்டம் கொடுக்குதாமே, நாடே இல்லாதவர் கொடுக்குறது செல்லுமா, வாங்குனவர சர்னு கூப்பிடணுமா?"

சர் விஷயத்த உடனே முடிச்சிடுவோம். கூப்பிட வேண்டாம். அது பிரிட்டிஷ்காரங்க வழக்கம். இத்தாலில நைட்டுக்கு கவலியேரேன்னு பேரு, அவ்வளவுதான்.

செல்லுமாங்கிறதுதான் சுவாரசியம். நம்ம பழைய வீடியோ பாக்குறவங்களுக்கு நான் எத சொல்லப்போறேன்னு இப்பவே தெரிஞ்சிருக்கும், சிரிக்காதீங்க. விருதுல ரெண்டு வகை, நாட்டோட விருது, குடும்பத்தோட விருது. நாட்டோடது ஆட்சி போனா சேர்ந்து போயிடும். குடும்பத்தோடது குலதெய்வம் மாதிரி. நிலத்த வித்துட்டு பட்டணம் போனா குலதெய்வத்தையும் சேர்த்தா பத்திரம் எழுதிக் கொடுக்குறோம்? இப்ப பர்கண்டின்னு இன்னைக்கு பிரான்ஸ்ல இருக்குற பகுதியோட டியூக் ஃபிலிப் 1430ல கோல்டன் ஃபிளீஸ்னு ஒரு ஆர்டர், அதாவது நைட் பட்டம் வாங்குனவங்க குழு, ஆரம்பிச்சாரு, தன் கல்யாணத்தப்போ, புரூஜ் ஊர்ல. 1477ல அந்த டியூக் வம்சத்துல ஆண் வாரிசே இல்லாம போய் பர்கண்டி பிரெஞ்சு ராஜா கைக்குப் போயிருச்சு. ஆர்டர் போச்சா? இல்ல. பொண்ணு வழியா ஆஸ்திரியாவ ஆண்ட ஹாப்ஸ்பர்க் குடும்பத்துக்கு வந்து, பின்னாடி ரெண்டா பிரிஞ்சு, ஒண்ணு ஸ்பெயின் ராஜா கிட்ட, இன்னொண்ணு இன்னைக்கும் கார்ல் வான் ஹாப்ஸ்பர்க் கிட்ட இருக்கு. ஆஸ்திரியால அவர் சாதாரண குடிமகன். குலதெய்வம், குலதெய்வம், அதான் சொல்றேன்.

சவோய்க்கு வருவோம். 1946 ஜூன் 2ல வாக்கெடுப்பு, குடியரசுக்கு ஒரு கோடியே 27 லட்சம் ஓட்டு, ராஜாவுக்கு ஒரு கோடியே 7 லட்சம். அப்போ ராஜாவா இருந்த உம்பர்ட்டோ பதவிக்கு வந்து ஒரு மாசம்தான் ஆகியிருந்துச்சு, மே மாச ராஜான்னே பேரு வெச்சுட்டாங்க பாவம். அவர் போர்ச்சுகல் போயிட்டாரு. அவங்க கிட்ட இருந்த ஆர்டர்கள்ல இத்தாலி கிரீடத்தோட ஆர்டர் 1868ல வந்தது, பேருலயே நாடு இருக்கு. ஆனா அனுன்சியாத்தா ஆர்டர் 1362ல ஆரம்பிச்சது, மொரீஸ் லாசரஸ் ஆர்டர் 1572ல ரெண்டு பழைய ஆர்டர ஒண்ணாக்குனது. இத்தாலிங்கிற நாடே 1861லதான். நாடு பொறக்கறதுக்கு முன்னாடி குடும்பத்துல இருந்தத நாடு எப்படிப்பா பிடுங்கும், இதுதான் அவங்க வாதம்.

குடியரசு ஒத்துக்கல. 1951ல ஒரு சட்டம் போட்டு கிரீட ஆர்டர ஒழிச்சாங்க, அனுன்சியாத்தாவ ஒழிச்சாங்க, மொரீஸ் லாசரஸ இனிமே யாருக்கும் கொடுக்கக்கூடாதுன்னாங்க, ஏற்கனவே வாங்குனவங்க வெச்சுக்கலாம். ஆனா 1948 அரசியல் சட்டத்துல ஒரு வரி இருக்கு பாருங்க, எனக்கு ரொம்பப் பிடிச்சது. பிரபு பட்டம் எதையும் அங்கீகரிக்க மாட்டோம்னு சொல்லிட்டு, அதே இடத்துலயே மொரீஸ் ஆர்டர் ஆஸ்பத்திரி நடத்துற அமைப்பா தொடரும்னு எழுதியிருக்காங்க. லாசரஸ் பக்கம் ஜெருசலேம்ல தொழுநோயாளிகளப் பாத்துக்க வந்த ஆளுங்க, அந்த வேர் அது. டூரின்ல மொரீசியானோன்னு ஆஸ்பத்திரி இன்னைக்கும் ஓடுது. ராஜாவ அனுப்பிட்டு ஆஸ்பத்திரிய மட்டும் வெச்சுக்கிட்டாங்க, கெட்டிக்காரங்க.

சரி, தம்பி, நீங்க செல்லுமான்னு கேட்டீங்க. கொடுக்குறது யாருன்னு கேட்டிருந்தா நான் இன்னும் குஷியா பேசுவேன். கேக்கலன்னாலும் பேசத்தான் போறேன்.

அனுன்சியாத்தா வாங்குனா ராஜாவுக்கு கசின் மாதிரி மரியாதை. நம்ம பாஷைல பங்காளி. சர்வாதிகாரி முசோலினிக்கு 1924ல கொடுத்தாங்க, 1943 ஜூலைல அதக் கொடுத்த ராஜாவே, உம்பர்ட்டோவோட அப்பா, பங்காளிய அரெஸ்ட் பண்ண வெச்சாரு. 1939ல ஜெர்மனியோட ஒப்பந்தம் போட்டப்போ ஹிட்லரோட வெளியுறவு அமைச்சர் ரிப்பன்ட்ராப் கழுத்துல இத மாட்டுனாங்க. அதப் பாத்து ஹிட்லரோட இன்னொரு பெரிய தளபதி கோரிங் கண்ணுல தண்ணி வந்துருச்சாம், எனக்கு வரவேண்டியதுன்னு. முசோலினி மருமகன் சியானோ டைரில எழுதி வெச்சிருக்காரு. ஊரையே நடுங்க வெச்ச மனுஷன், ஒரு சங்கிலிக்கு அழறாரு. மறு வருஷம் அவருக்கும் கொடுத்துத்தான் சமாதானம் பண்ணாங்க.

நிஜப் பங்காளி சண்டை அதுக்கப்புறம். 1983ல உம்பர்ட்டோ செத்துட்டாரு. மகன் விட்டோரியோ இமானுவேல் நான்தான் தலைவர்ங்கிறாரு. அவர் அப்பா சம்மதம் இல்லாம கல்யாணம் பண்ணவரு, அதனால செல்லாதுன்னு அதே குடும்பத்தோட இன்னொரு கிளையான அவோஸ்தா கிளை அமேதியோ பக்கம் சொல்றாங்க. 2004 மே மாசம் ஸ்பெயின் இளவரசர் கல்யாணம், மாட்ரிட்ல விருந்து. ரெண்டு பேரும் வந்திருக்காங்க. விட்டோரியோ அமேதியோ மூஞ்சிலயே குத்திட்டாரு, ஒண்ணு இல்ல, ரெண்டு. கீழ விழ இருந்தவர கிரீஸ் முன்னாள் ராணி ஆன் மேரி தாங்கிப் பிடிச்சதா பேப்பர்ல வந்துச்சு. கல்யாண வீட்ல மரியாதைக்கு அடிச்சுக்கிறது நம்ம ஊர்ல மட்டும்னு நெனச்சேன்.

2021ல அமேதியோ போயிட்டாரு, 2024ல விட்டோரியோ. இப்ப பசங்க, அந்தப் பக்கம் ஐமோனே, இந்தப் பக்கம் இமானுவேல் ஃபிலிபெர்ட்டோ, அவர் இத்தாலி டிவி டான்ஸ் போட்டில ஆடி ஜெயிச்சவரு. ஆக உங்களுக்கு ஒரு கிளை பட்டம் கொடுத்தா இன்னொரு கிளைக்காரன் அது செல்லாதுன்னு சொல்ல வாய்ப்பு இருக்கு. இத்தாலி சட்டத்துக்கோ ரெண்டுமே ஒண்ணுதான். தனி ஆளுங்க பட்டம் கொடுத்தா ஆறு மாசத்துலேர்ந்து ரெண்டு வருஷம் வரைக்கும் ஜெயில்னு அந்த 1951 சட்டத்துலயே இருக்கு, மாட்டிக்கிட்டு திரியவும் கூடாது. உங்க வீட்டு ஹால்ல ஃப்ரேம் போட்டு மாட்டுங்க தம்பி, யாரும் கேக்க மாட்டாங்க.