பாட்டி இல்லாத பெயர்

நேயர்களுக்கு வணக்கம்.

அபூர்வமான ஒரு ஸ்லாவியப் பெண் பெயரைப் பற்றிப் பேசச் சொல்லி அழைத்தார்கள். நான் ஸ்வெத்லானாவைத் தேர்ந்தெடுத்துக்கொண்டேன். உங்களில் ரஷ்யா பக்கம் போய்வந்தவர்கள் யாராவது இருந்தால் சிரிப்பார்கள். அங்கே தடுக்கி விழுந்தால் ஒரு ஸ்வெத்லானா, இதில் என்ன அபூர்வம் என்பார்கள். சரிதான். ஆனால் 1800ஆம் ஆண்டு வாக்கில் ரஷ்யாவின் தேவாலயப் பதிவேடுகளைப் புரட்டினால் இந்தப் பெயரில் ஒரு பெண் குழந்தைகூடக் கிடைக்காது. அப்படி ஒரு பெயரே அப்போது இல்லை.

எனக்கு ரஷ்ய மொழி சொல்லிக்கொடுத்த ஆசிரியை ஒரு ஸ்வெத்லானா. ஒருநாள் வகுப்பில் நான், கொஞ்சம் அவரைக் குளிர வைப்பதற்காகத்தான், "உங்கள் பெயர் ஆதிகாலத்து ஸ்லாவியப் பெயர்தானே?" என்று கேட்டேன். அவர் சிரித்துவிட்டார். "என் பெயருக்குப் பாட்டி கிடையாது" என்றார். அன்றைக்கு எனக்கு அது விளங்கவில்லை. பிறகு படித்துத் தெரிந்துகொண்டதைத்தான் இப்போது சொல்லப் போகிறேன்.

முதலில் பொருள். ரஷ்ய மொழியில் 'ஸ்வெத்' என்றால் ஒளி. அதே சொல்லுக்கு உலகம் என்றும் பொருள் உண்டு. ஸ்வெத்லானா என்றால் ஒளி பொருந்தியவள். நம் ஊர் ஜோதி, பிரபா, சுடர்க்கொடி மாதிரி என்று வைத்துக்கொள்ளலாம். வீட்டில் சுருக்கிக் கூப்பிடும்போது ஸ்வேத்தா. இந்த இடத்தில் உங்கள் காது நிமிர்ந்திருக்கும். பக்கத்து வீட்டு ஸ்வேதா ஞாபகத்துக்கு வந்திருப்பாள். ஒலி மட்டும் ஒத்துப்போகிற விஷயமில்லை இது. வெண்மை என்று பொருள்படும் சமஸ்கிருத 'ஸ்வேத'வும் ஸ்லாவிய 'ஸ்வெத்'தும் இந்தோ-ஐரோப்பிய மொழிகளின் ஒரே வேரிலிருந்து முளைத்தவை. ஆங்கிலத்தின் 'ஒயிட்'டும் அந்த வேர்தான். ஆகவே, சென்னையில் ஆட்டோவுக்குக் காத்து நிற்கிற ஸ்வேதாவும் மாஸ்கோவில் மெட்ரோவுக்குக் காத்து நிற்கிற ஸ்வேத்தாவும், சொல் வகையில், தூரத்து உறவு.

சொல் இவ்வளவு பழையது. அப்படியானால் பெயர் மட்டும் ஏன் புதிது?

அதற்கு ரஷ்யர்கள் எப்படிப் பெயர் வைத்தார்கள் என்று பார்க்க வேண்டும். கிறிஸ்தவம் வருவதற்கு முன்னால் ஸ்லாவிய மக்கள் தங்கள் மொழிச் சொற்களையே பெயராக வைத்துக்கொண்டார்கள். இரண்டு சொற்களை ஒட்டவைப்பது அவர்களுக்குப் பிடித்த முறை. ம்ஸ்திஸ்லாவ் என்றால் பழிவாங்கலும் புகழும். லுத்மீலா என்றால் மக்களுக்குப் பிரியமானவள். 988இல் கீவ் நகரத்து இளவரசர் விளாதிமிர் பைசாந்தியக் கிறிஸ்தவத்தை ஏற்றுக்கொண்டார். மதத்தோடு ஒரு நாட்காட்டியும் வந்தது. ஆண்டின் ஒவ்வொரு நாளுக்கும் புனிதர்கள். ஞானஸ்நானத்தின்போது அந்த நாட்காட்டியில் இருக்கும் ஒரு புனிதரின் பெயரைத்தான் குழந்தைக்கு வைக்க வேண்டும். அதனால் நாம் ரஷ்யப் பெயர்கள் என்று நினைக்கிற பலவும் இரவல் பெயர்கள். அன்னா, மரியா எபிரேயம். இரீனா, எலேனா, எகத்தெரீனா எல்லாம் கிரேக்க வழி வந்தவை. ஓல்கா வடக்கே ஸ்காண்டிநேவியாவிலிருந்து வந்தது. லுத்மீலா பிழைத்ததற்குக் காரணம், பொகிமியாவில், அதாவது இன்றைய செக் நாட்டுப் பகுதியில், அந்தப் பெயரில் ஒரு புனிதை இருந்ததுதான். புனிதர் இல்லாத பழைய பெயர்கள் மெல்ல மெல்ல வழக்கொழிந்தன.

இப்படி எட்டு நூற்றாண்டு போயிற்று. அப்புறம் வந்தார் ஒரு மொழியறிஞர்.

அலெக்சாந்தர் வஸ்தோகோவ். 1781இல் இன்றைய எஸ்தோனியாவைச் சேர்ந்த சாரெமா தீவில் பிறந்தவர். திக்குவாய். ஸ்லாவிய மொழிகளை ஒப்பிட்டு ஆராயும் துறைக்கு ரஷ்யாவில் அடித்தளம் போட்டவர். பதினோராம் நூற்றாண்டுக் கையெழுத்துச் சுவடியான ஒஸ்த்ரோமிர் நற்செய்தியை 1843இல் பதிப்பித்தவரும் இவர்தான். ஏட்டுச்சுவடி பதிப்பிப்பதன் பாடு தெரிந்த தமிழர்களுக்கு இவரைப் பிடித்துப்போகும். ஆனால் இளமையில் இவர் கவிதையும் எழுதினார். 1802இல் எழுதி 1806இல் அச்சேறிய 'ஸ்வெத்லானாவும் ம்ஸ்திஸ்லாவும்' என்ற கதைக் கவிதைக்குப் பழங்கால வாசனையோடு ஒரு கதாநாயகி தேவைப்பட்டாள். பழைய பெயர்களின் வார்ப்பை நன்கறிந்த மனிதர் அல்லவா, ஒளி என்ற சொல்லை எடுத்து ஒரு பெயரை வார்த்துவிட்டார். பக்கத்தில் ம்ஸ்திஸ்லாவ் என்ற நிஜமான பழம்பெயரை நிறுத்தியதும் புதுப் பெயருக்கும் நூற்றாண்டுகளின் பாசி படிந்துவிட்டது. நல்ல தந்திரம்.

இதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. வஸ்தோகோவ் என்பதே அவர் பிறந்தபோது வைத்த பெயர் கிடையாது. ஒரு ஜெர்மானியப் பிரபுவின் மணவழிக்கு வெளியே பிறந்த பிள்ளை அவர். ஒஸ்டெனெக் என்று பெயர் கொடுத்திருந்தார்கள். ஜெர்மன் மொழியில் 'ஒஸ்ட்' என்றால் கிழக்கு. அதை ரஷ்யனில் மொழிபெயர்த்து, 'வஸ்தோக்', வஸ்தோகோவ் என்று தனக்குத்தானே பெயர் வைத்துக்கொண்டார். யூரி ககாரின் ஏறிப்போன விண்கலத்தின் பெயரும் அதே வஸ்தோக்தான்.

வஸ்தோகோவின் கவிதையைச் சீக்கிரமே மறந்துவிட்டார்கள். பெயரைத் தூக்கி நிறுத்தியவர் இன்னொரு கவிஞர், வசீலி ஷுக்கோவ்ஸ்கி. அவருடைய கதையும் அதேபோலத்தான். நிலப்பிரபுவுக்கும் போரில் பிடித்துவரப்பட்ட துருக்கியப் பெண்ணுக்கும் பிறந்தவர். தகப்பன் பெயர் அவருக்குக் கிடைக்கவில்லை, ஞானத்தந்தையின் பெயரே அவர் பெயராயிற்று. அவர் 1808இல் தொடங்கி 1812இல் முடித்த நெடுங்கதைப்பாடலின் பெயர் 'ஸ்வெத்லானா'.

ஒரு ஜனவரிக் குளிர் இரவு. திருக்காட்சித் திருநாளுக்கு முந்தைய மாலை. ரஷ்யக் கிராமத்துப் பெண்கள் தமக்கு வரப்போகிறவன் யார் என்று குறி பார்க்கும் பொழுது அது. காலணியைக் கழற்றி வாசலுக்கு வெளியே எறிவார்கள். மெழுகை உருக்கி வார்ப்பார்கள். ஸ்வெத்லானா மட்டும் சேராமல் சோர்ந்து இருக்கிறாள். அவளுடைய காதலன் போய் ஒரு வருடமாகிறது, தகவலே இல்லை. நடு இரவில் கண்ணாடிக்கு முன்னால் மெழுகுவர்த்தியோடு தனியாக உட்காருகிறாள். அவன் வருகிறான், பனிச்சறுக்கு வண்டியில் ஏற்றிக்கொள்கிறான், முகம் வெளிறியிருக்கிறது, பேச்சில்லை. வழியில் ஒரு தேவாலயம், உள்ளே சவப்பெட்டி. பிறகு வண்டியும் குதிரையும் மாயம். தனியே ஒரு குடிசை, அதிலும் ஒரு பிணம், அது எழப் பார்க்கிறது. ஒரு வெண்புறா வந்து அவளைக் காக்கிறது. விழித்துப் பார்த்தால் கனவு. வாசலில் மணியோசை, காதலன் உயிரோடு வந்து இறங்குகிறான்.

மூலக்கதை ஜெர்மன் கவிஞர் பியூர்கருடையது. அதில் செத்த காதலன் நாயகியைக் கல்லறைக்கே இழுத்துப்போய்விடுவான். ஷுக்கோவ்ஸ்கியே அதற்கு முன் ஒருமுறை அந்தக் கதையை 'லுத்மீலா' என்ற பெயரில் ரஷ்யனாக்கினார், அவளும் செத்துத்தான் போனாள். ஒளி என்ற பெயர்கொண்டவளைச் சாகவிட மனம் வரவில்லை போலிருக்கிறது. கல்யாணப் பரிசாகக் கொடுக்கிற கவிதை என்பதும் காரணம். தன் உறவுக்காரப் பெண் அலெக்சாந்த்ரா புரோத்தாசவாவின் திருமணத்துக்காக அதை அவர் அர்ப்பணித்தார்.

கவிதை 1813இல் வெளியானதும் ரஷ்யா முழுக்கப் பரவியது. ரஷ்யக் கவிஞர் புஷ்கின் தன் கவிதை நாவலான 'எவ்கேனி அனேகி'னின் ஐந்தாம் அத்தியாயத்துக்கு முகப்பு வரிகளை இதிலிருந்துதான் எடுத்தார். ஆனால் பெயர்? யாரும் குழந்தைக்கு வைக்க முடியாது. நாட்காட்டியில் புனித ஸ்வெத்லானா இல்லையே. ஆகவே செல்லப்பெயராக அலைந்தது. அந்த அலெக்சாந்த்ராவை நண்பர்கள் ஸ்வெத்லானா என்றார்கள். அதைவிட வேடிக்கை, புஷ்கினும் உறுப்பினராக இருந்த 'அர்சமாஸ்' இலக்கியக் குழுவில் எல்லோருக்கும் ஷுக்கோவ்ஸ்கியின் பாடல்களிலிருந்து பட்டப்பெயர் வைத்தார்கள். ஷுக்கோவ்ஸ்கிக்கு வைத்த பெயர் ஸ்வெத்லானா! மீசை மழித்த, வருங்கால ஜார் மன்னருக்கு ஆசிரியராகப் போகிற ஒரு ஆண்பிள்ளைதான் ரஷ்யாவின் ஆதி ஸ்வெத்லானாக்களில் ஒருவர்.

அப்புறம் அது கப்பல் ஏறியது. கப்பலுக்கு ஞானஸ்நான நாட்காட்டி தேவையில்லை. 1858இல் பிரான்சின் போர்தோ நகரில் கட்டி நீரில் இறக்கிய ரஷ்யப் போர்க்கப்பலுக்கு ஸ்வெத்லானா என்று பெயர். 1873இல் அது விளாதிவஸ்தோக் துறைமுகத்துக்கு வந்தபோது ஊரின் பிரதானத் தெருவுக்கே அதன் பெயரைச் சூட்டினார்கள். சோவியத் காலத்தில் லெனின் தெருவாக மாறி, பிறகு பழையபடி ஸ்வெத்லான்ஸ்கயா தெரு ஆயிற்று. அடுத்து வந்த இன்னொரு ஸ்வெத்லானா, விரைவுப்போர்க்கப்பல், 1905 மே மாதம் ஜப்பானியரோடு நடந்த சுஷிமா கடற்போரில் மூழ்கியது.

கப்பலுக்குப் பிறகு விளக்கு. பீட்டர்ஸ்பர்க்கில் மின்விளக்கு செய்த தொழிற்சாலைக்கும் அந்தப் பெயர் வந்தது. பிற்பாடு அங்கே ரேடியோ வால்வுகள் செய்தார்கள். வானொலியில் பேசுகிறோமே, இதைச் சொல்லாமல் விட முடியுமா? கிட்டார் ஆம்ப்ளிஃபையர் பித்துப்பிடித்தவர்களுக்கு ஸ்வெத்லானா வால்வு இன்றும் தெரியும்.

கவிதை, கவிஞர், கப்பல், தெரு, விளக்கு. எல்லாவற்றுக்கும் வைத்தாயிற்று, பெண் குழந்தை மட்டும்தான் பாக்கி. அதற்குப் புரட்சி வரவேண்டியிருந்தது.

1917 டிசம்பரில் பிறப்புப் பதிவு தேவாலயத்தின் கையிலிருந்து அரசு அலுவலகத்துக்குப் போயிற்று. இனி எந்தப் பெயரும் வைக்கலாம். வைத்தார்கள்! லெனினைத் திருப்பிப்போட்டு நினெல். விளாதிமிர் லெனினைச் சுருக்கி விளாத்லென். அக்டோபருக்கு ஒக்தியாப்ரீனா. இந்தக் கூச்சலுக்கு நடுவே ஸ்வெத்லானாவுக்கு ஒரு சௌகரியம் இருந்தது. புதுமையானது, தேவாலய வாடை இல்லாதது, அதே சமயம் பாட்டி காலத்துப் பெயர்போலவே ஒலித்தது. கட்சித் தலைவர்கள் வீட்டிலேயே முளைத்தது. புகாரினின் மகள் ஸ்வெத்லானா. மொலத்தோவின் மகள் ஸ்வெத்லானா. 1926 பிப்ரவரியில் பிறந்த ஸ்டாலினின் மகளும் ஸ்வெத்லானா.

ஸ்டாலினும் சொந்தப் பெயர்க்காரர் இல்லை என்பதைக் கவனியுங்கள். ஜார்ஜிய நாட்டு ஜுகாஷ்விலி, எஃகு என்ற சொல்லிலிருந்து பெயர் செய்துகொண்டவர். அவர் 1953 மார்ச் 5இல் இறந்ததையொட்டித்தான் நான்கு நாள் முன்னால் பிறந்த கலைஞரின் மகனுக்கு அந்தப் பெயர் வந்தது என்பது உங்களுக்குத் தெரியும். எஃகு தமிழ்நாட்டுக்கு வந்த கதை அது. ஒளியும் இந்தியாவுக்கு வந்தது, வேறு வழியில்.

ஸ்டாலினின் மகள் ஸ்வெத்லானா 1960களில் தன் துணையாகக் கண்டடைந்தது பிரஜேஷ் சிங் என்ற இந்தியக் கம்யூனிஸ்டை. உத்தரப் பிரதேசத்தில் கங்கைக் கரையில் இருக்கிற காலாகாங்கர் சமஸ்தானக் குடும்பத்தவர். மாஸ்கோ மருத்துவமனை ஒன்றில் சந்தித்துக்கொண்டார்கள். சட்டப்படி மணந்துகொள்ள அரசு விடவில்லை. 1966 அக்டோபரில் பிரஜேஷ் சிங் இறந்ததும், அஸ்தியைக் கங்கையில் கரைக்க அந்த அம்மாள் டிசம்பரில் இந்தியா வந்தார். காலாகாங்கரில் தங்கினார், திரும்பிப்போக மனம் வரவில்லை. 1967 மார்ச் 6ஆம் தேதி மாலை டெல்லியில் ஒரு டாக்ஸி பிடித்து அமெரிக்கத் தூதரகத்துக்குள் நடந்துபோனார். உலகமே பரபரத்தது.

சிறுமியாக இருந்தபோது தன் பெயரைச் சொல்ல வராமல் 'செத்தான்கா' என்பாராம். தகப்பனாருக்கு 'உத்தரவுகள்' எழுதி, 'எஜமானி செத்தான்கா' என்று கையெழுத்துப் போடுவாராம். ஸ்டாலின் என்ற குடும்பப் பெயரைப் பின்னாளில் விட்டுவிட்டுத் தாயின் பெயரான அலிலூயெவாவை எடுத்துக்கொண்டார். அமெரிக்காவில் மறுமணம் செய்துகொண்டு லானா பீட்டர்ஸ் ஆனார். 2011 நவம்பரில் விஸ்கான்சின் மாநிலத்தில் இறந்தபோதும் அதுதான் பெயர். ஸ்வெத்லானாவிலிருந்து ஸ்வெத்தை எடுத்துவிட்டால் மிஞ்சுவது லானா. வஸ்தோகோவ் வார்த்த சொல்லில் ஒளி இருந்த பாதி அது இல்லை.

இதற்கிடையில் சோவியத் நாட்டில் ஸ்வெத்லானாக்கள் பெருகியிருந்தார்கள். ஒவ்வொரு வகுப்பிலும் இரண்டு மூன்று பேர். 1984இல் விண்வெளியில் நடந்த முதல் பெண் ஸ்வெத்லானா சவீத்ஸ்கயா. 2015இல் இலக்கிய நோபல் பெற்றவர் ஸ்வெத்லானா அலெக்சியேவிச். இருவரும் 1948இல் பிறந்தவர்கள். தேவாலயமும் கடைசியில் வழி கண்டுபிடித்தது. ஞானஸ்நானம் வேண்டும் என்று வருகிற ஸ்வெத்லானாக்களுக்கு ஃபோத்தினியா என்று பெயர் கொடுத்தார்கள். கிரேக்கத்தில் அதற்கும் ஒளி என்றே பொருள், போட்டோ என்கிறோமே, அந்த வேர். கிணற்றடியில் இயேசு தண்ணீர் கேட்ட சமாரியப் பெண்ணின் பெயர் அது என்பது அவர்கள் மரபு.

இன்று ரஷ்யாவில் குழந்தைக்கு ஸ்வெத்லானா என்று வைப்பவர்கள் குறைவு. வைத்திருப்பவர்கள் வயதானவர்கள். என் ஆசிரியைக்கு இரண்டு வருடம் முன் ஒரு பேத்தி பிறந்தாள். என்ன பெயர் என்று கேட்டேன். வர்வாரா என்றார். நாட்காட்டியில் இருக்கிற பழைய கிரேக்கப் பெயர். பொருள், வேற்றுநாட்டுக்காரி.

"பெயருக்குப் பாட்டி இல்லை என்றீர்களே, இப்போது உங்கள் பெயரே பாட்டி பெயராகிவிட்டது" என்றேன். தொலைபேசியில் சற்று நேரம் பேச்சில்லை. பிறகு, அந்தக் குழந்தை கண்ணாடியைப் பார்த்தால் உடனே போய் நக்குகிறது என்று சொல்ல ஆரம்பித்தார்.

நன்றி, வணக்கம்.