பட்டியலை மாற்றாத மனிதர்

வணக்கம் நேயர்களே. விளையாட்டு என்றால் களத்தில் ஓடுகிறவர்களைப் பற்றித்தான் பேசுவோம். அவர்களைப் பொறுக்கி எடுத்தவர் யார் என்று கேட்பது குறைவு. எனக்கு அந்த ஆசாமிகள் மேல்தான் நெடுநாளாக ஒரு கண். இன்று அவர்களில் ஒருவர், ஆஸி நியூஸம். ஆட்டம் அமெரிக்கக் கால்பந்து. தலைக்கவசம் மாட்டிக்கொண்டு முட்டி மோதுவார்களே, அது.

நியூஸம் அலபாமாக்காரர். 1978 முதல் 1990 வரை கிளீவ்லண்ட் பிரவுன்ஸ் அணிக்கு ஆடி, 662 முறை பந்தைப் பிடித்தவர். பிறகு அதே அணியின் அலுவலகத்தில் சேர்ந்தார். 1995இல் உரிமையாளர் ஆர்ட் மோடெல் அணியை பால்டிமோருக்குக் கொண்டுபோவதாக அறிவித்தார். கிளீவ்லண்ட் கொந்தளித்தது. கடைசியில் பெயர், நிறம், பழைய சாதனைகள் எல்லாவற்றையும் அங்கேயே விட்டுவிட்டு, ஆட்கள் மட்டும் ஊர் மாறினார்கள். 1996 மார்ச்சில்தான் ரேவன்ஸ் என்ற புதுப் பெயர் வைத்தார்கள். ஏப்ரலில் டிராஃப்ட்!

டிராஃப்ட் என்றதும் ஐபிஎல் ஏலத்தை நினைத்துவிடாதீர்கள். இங்கே பணத்தைக் கொட்டி ஆளைத் தூக்க முடியாது. கல்லூரியிலிருந்து வரும் ஆட்டக்காரர்களை அணிகள் வரிசைப்படி எடுக்கும். போன ஆண்டு மோசமாகத் தோற்ற அணிக்கு முதல் வாய்ப்பு. அதற்காக மாதக்கணக்கில் ஊர் ஊராகப் போய்ப் பார்த்து, யார் எத்தனையாவது என்று ஒரு பட்டியல் போட்டு வைப்பார்கள். அந்தப் பட்டியலைத்தான் கவனிக்கச் சொல்கிறேன்.

ரேவன்ஸுக்கு நான்காவது வாய்ப்பு. மோடெலின் ஆசை லாரன்ஸ் ஃபிலிப்ஸ் மேல். பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடுவதில் கெட்டிக்காரர். ஆனால் களத்துக்கு வெளியே வம்பு வழக்கு. நியூஸத்தின் பட்டியலில் அப்போது மேலே இருந்தது ஜானதன் ஆக்டன். பந்தையே தொடாத ஆள், பந்து எறிபவரை யாரும் நெருங்காமல் தடுப்பதுதான் வேலை. அந்த இடத்துக்கு அணியில் ஏற்கெனவே ஒருவர் இருந்தார். முதலாளி ஒன்று கேட்கிறார், அணிக்கு அவசரத் தேவையும் இல்லை. நாமாக இருந்தால் என்ன செய்திருப்போம்? நியூஸம் பட்டியலைப் பார்த்தார், ஆக்டனை எடுத்தார். முதல் ஆண்டு அவரை வேறு இடத்தில் ஆடவைத்தார்கள். மோடெலைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும்: சம்பளம் கொடுப்பவர் விட்டுக்கொடுத்தாரே, அதுவும் லேசான காரியம் இல்லை.

அதே நாள் 26ஆவது வாய்ப்பில் ரே லூயிஸ் கிடைத்தார். ஃபிலிப்ஸை வேறோர் அணி எடுத்து, இரண்டாவது ஆண்டிலேயே கழற்றிவிட்டது. ஆக்டன், லூயிஸ் இருவருமே வேறு அணிக்குப் போகாமல் ஆடி முடித்து, இந்த ஆட்டத்தின் சாதனையாளர்களுக்கான புகழ் மண்டபத்துக்குள் போனார்கள். 2001 ஜனவரியில் சூப்பர் பௌல், அதாவது என்எஃப்எல் என்ற அந்த லீகின் இறுதிப் போட்டி. நியூயார்க் ஜயன்ட்ஸை 34-7 என்று நொறுக்கினார்கள். அடுத்த ஆண்டு, 2002இல், நியூஸம் ஜெனரல் மேனேஜர் ஆனார், ஆட்களைச் சேர்ப்பதில் அணியின் தலைமைப் பொறுப்பு. அந்த லீகில் அந்தப் பதவிக்கு வந்த முதல் கறுப்பினத்தவர். 2002 வரை ஒருவர்கூட இல்லை, யோசித்துப் பாருங்கள்.

இன்னொரு கதை. 2003இல் பைரன் லெஃப்ட்விச் என்ற குவார்ட்டர்பேக்குக்காக, அதாவது பந்து எறிபவருக்காக, மின்னசோட்டா அணியோடு டிராஃப்ட் வரிசையில் இடம் மாற்றிக்கொள்ளப் பேச்சு நடந்தது. பேசி முடித்துப் பதிவாவதற்குள் மின்னசோட்டாவுக்குக் கொடுத்திருந்த நேரம் தீர்ந்துவிட்டது. வரிசையில் பின்னால் நின்ற ஜாக்சன்வில் அணி சட்டென்று முந்தி லெஃப்ட்விச்சை எடுத்துக்கொண்டது. சரி, ஆசைப்பட்டது போச்சு. மறுபடி பட்டியல். பத்தாவது வாய்ப்பில் டெரல் சக்ஸ் வந்தார். 2011இல் லீகின் சிறந்த தடுப்பாட்டக்காரர் அவர்தான். ஆனால் குவார்ட்டர்பேக் வேண்டும் என்ற அவசரம் விடவில்லை. அன்றே இன்னோர் அணியோடு இடம் மாற்றி, 19ஆவது வாய்ப்பில் கைல் போலரை எடுத்தார்கள். அவர் சோபிக்கவில்லை. பட்டியலை நம்பினால் என்ன, அவசரப்பட்டால் என்ன, ஒரே நாளில் இரண்டையும் பார்த்துவிட்டோம், பாருங்கள்!

விட்டுப்போன ஆட்டக்காரர்களுக்கு ஈடாக லீக் தரும் கூடுதல் டிராஃப்ட் வாய்ப்புகளை நியூஸம் சேர்த்த விதத்தை விரிவாகச் சொல்ல நினைத்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கையைக் காட்டுகிறார்கள். அது இன்னொரு நாளைக்கு. 2013இல் ரேவன்ஸுக்கு இரண்டாவது சூப்பர் பௌல் வெற்றி, 34-31. 2018இல் அவருடைய கடைசி டிராஃப்ட். முதல் சுற்றின் கடைசி இடமான 32ஐ ஃபிலடெல்ஃபியாவிடமிருந்து வாங்கி, லமார் ஜாக்சனை எடுத்தார். இவர் குவார்ட்டர்பேக்கே இல்லை, வேறு இடத்தில் ஆடட்டும் என்று சொன்னவர்கள் உண்டு. 2019இலும் 2023இலும் லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருது அவருக்குத்தான். நன்றி, வணக்கம்.