ஒரே ராத்திரி, மூன்று சண்டை

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். ஜப்பானின் கே-1 ஹெவிவெயிட் கிக்பாக்சிங் பொற்காலத்துக்குக் காரணம் வீரர்களா, ஒரே ராத்திரியில் மூன்று சண்டை என்ற போட்டி அமைப்பா என்பது தலைப்பு. எதிரணித் தலைவர் பீட்டர் ஆர்ட்ஸ், எர்னஸ்டோ ஹூஸ்ட், ஆண்டி ஹக் என்று பெயர்களை அடுக்கிக் கைதட்டலும் வாங்கிவிட்டார். பெயரெல்லாம் சரி. அவர்களை அந்த உயரத்துக்கு ஏற்றியது எது? அமைப்புதான் என்கிறேன்.

1993 ஏப்ரல் 30, டோக்கியோவின் யோயோகி அரங்கம். செய்டோகைகான் என்ற கராத்தே பள்ளியின் கசுயோஷி இஷி முதல் கே-1 போட்டிக்கு எட்டுப் பேரை இறக்கினார். காலிறுதி, அரையிறுதி, இறுதி மூன்றும் அன்றே. கடைசியில் கோப்பையோடு நின்றவர் 38 வயது குரோஷியர் பிராங்கோ சிகாடிச். இறுதியில் ஹூஸ்டை முதல் ரவுண்டிலேயே சாய்த்துவிட்டார்.

மூன்று நிமிட ரவுண்டு மூன்று, முழங்கை அடி கூடாது. விதி இவ்வளவு எளிது. சூட்சுமம் இடைவேளையில் இருக்கிறது. தொடையில் வாங்கிய லோ கிக் சண்டைச் சூட்டில் அவ்வளவாகத் தெரியாது. உடை மாற்றும் அறையில் உடம்பு ஆறும்போதுதான் தசை வீங்கி இறுகும். அடுத்த சண்டையில் அந்தக் காலில் எடை ஊன்ற முடியாது; ஊன்றாவிட்டால் குத்தில் பலம் இராது. காலைச் சட்டென்று தூக்கி அடுத்த உதையைத் தடுக்கவும் முடியாது. அடித்தவருக்கும் சேதாரம் உண்டு: எதிராளி முழங்காலைத் தூக்கித் தடுத்தால் உதைத்தவரின் கணைக்கால் வீங்கும், மண்டையில் பட்ட குத்தில் கை எலும்பு முறியும். ஆக, ஜெயித்தால் மட்டும் போதாது, சிக்கனமாக ஜெயிக்க வேண்டும். 1998இல் ஆர்ட்ஸ் மூன்று பேரையும் முதல் ரவுண்டிலேயே முடித்தார். மொத்தம் 6 நிமிடம் 43 விநாடி. எதிரணியினர் இதை வீரம் என்பார்கள். நான் கணக்கு என்கிறேன்.

1996 யோகோஹாமா இறுதியைப் பாருங்கள். ஒரு பக்கம் மைக் பெர்னார்டோ, முந்தைய ஆண்டில் ஹக்கை இரண்டு முறை வீழ்த்திய குத்துக்காரர். இன்னொரு பக்கம், அரையிறுதியில் ஹூஸ்டோடு கூடுதல் ரவுண்டுகள் வரை போய்க் களைத்துவந்த ஹக். அவர் தலையைக் குறிவைக்கவில்லை. தொடையையே திரும்பத் திரும்ப உதைத்தார். இரண்டாம் ரவுண்டில் முழுச் சுற்றுச் சுற்றிக் குதிகாலை அதே தொடையில் இறக்கினார். பெர்னார்டோவால் எழ முடியவில்லை.

‘2002இல் காலிறுதியில் தோற்ற ஹூஸ்ட் சாம்பியன் ஆனாரே, இதுவா நியாயம்?’ என்று எதிரணி கேட்டது. நல்ல கேள்வி, தவிர்க்க மாட்டேன். அவரை வென்ற பாப் சாப்புக்குக் கை உடைந்தது. தொடர முடியவில்லை, ஹூஸ்ட் திரும்ப வந்தார். இறுதியில் ஹூஸ்டின் உதைகளைத் தடுத்துத் தடுத்தே ஜெரோம் லெ பானரின் கை முறிந்தது. நியாயம் கொஞ்சம் இடிக்கத்தான் செய்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் உடையாமல் மிஞ்சுவதும் திறமைதான் என்று முதல் நாளே சொல்லிவிட்ட போட்டி இது.

‘212 சென்டிமீட்டர் செமி ஷில்ட் 2005, 2006, 2007 என்று வரிசையாக வென்று சலிப்பூட்டியபோதும் இதே அமைப்புதானே?’ என்றார்கள். ஆமாம். நீளக் கால்களால் எதிராளியைத் தள்ளியே நிறுத்தினார், அடி குறைவாக வாங்கினார், இறுதிக்குத் தெம்போடு வந்தார். இது எங்கள் கட்சிக்கே சாட்சி.

பொற்காலம் முடிந்த பிறகும் ஒரு சான்று இருக்கிறது. 2010 டிசம்பர், ஆர்ட்ஸுக்கு வயது 40. அரையிறுதியில் அதே ஷில்ட்டை மூன்று ரவுண்டும் முட்டி மோதிப் புள்ளிகளில் வென்றார். அரங்கமே எழுந்து நின்றது. அன்றே இறுதியில் அலிஸ்டர் ஓவரீம் எதிரே வந்தபோது அவரிடம் மிச்சம் ஒன்றுமில்லை. முதல் ரவுண்டிலேயே முடிந்தது. ஷில்ட்டை வென்றவரும் ஓவரீமிடம் விழுந்தவரும் ஒரே ஆள்தானே? நடுவில் மாறியது என்ன என்று எதிரணி அடுத்த பேச்சாளர் சொல்லட்டும்.