அணிப் பட்டியல் யார் கையில்: ஜாக் ஸ்டீன்

நேயர்களுக்கு வணக்கம். யார் ஆடுவது, யார் வெளியில் உட்காருவது என்பதைத் தாமே தீர்மானிப்பவர்தான் கால்பந்து மேலாளர் என்று இன்று நாம் எண்ணுகிறோம். அறுபது ஆண்டுகளுக்கு முன் பிரிட்டனின் எல்லாக் கழகங்களிலும் நிலைமை அப்படி இருக்கவில்லை. கிளாஸ்கோ நகரின் செல்டிக் கழகத்துக்கு மேலாளர் ஒருவர் இருந்தார். ஆனால் சனிக்கிழமை களமிறங்கும் பதினொருவரை முடிவு செய்தவர் பெரும்பாலும் கழகத் தலைவர் பாப் கெல்லிதான். அந்தப் பட்டியலைத் தலைவரிடமிருந்து வாங்கித் தம் சட்டைப்பையில் வைத்துக்கொண்ட ஜாக் ஸ்டீனைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

1922 அக்டோபர் 5 அன்று ஸ்காட்லாந்தின் லனார்க்ஷயர் நிலக்கரி வட்டாரத்தில், பர்ன்பேங்க் என்னும் ஊரில் பிறந்தார். தந்தை சுரங்கத் தொழிலாளி. மகனும் பதின்பருவத்திலேயே சுரங்கத்துக்குள் இறங்கினார். 1942இல் ஆல்பியன் ரோவர்ஸ் என்ற சிறிய கழகத்தில் சேர்ந்த பிறகும் அந்த வேலையை விடவில்லை; வாரமெல்லாம் மண்ணுக்கடியிலும் சனிக்கிழமை புல்தரையிலுமாக எட்டு ஆண்டுகள் ஓடின. இருட்டில் பக்கத்தில் வேலை செய்பவனை நம்பித்தான் உயிரோடு மேலே வர முடியும் என்ற அனுபவம் அவரிடம் கடைசிவரை தங்கியிருந்தது.

1950இல் வேல்ஸ் நாட்டின் லனெல்லி கழகத்துக்குப் போனார். கால்பந்தை மட்டுமே நம்பி வாழ்ந்தது அதுவே முதல் முறை. அங்கிருந்தபோது ஸ்காட்லாந்திலிருந்த அவர் வீட்டில் திருடர்கள் புகுந்தார்கள். ஊர் திரும்பிவிடலாம் என்றார் மனைவி. ஆட்டத்தையே கைவிட்டுச் சுரங்கத்துக்குத் திரும்பவிருந்த அந்த வேளையில், 1951 டிசம்பரில், செல்டிக் அழைத்தது. ஆனால் முதல் அணிக்காக அல்ல. இரண்டாம் அணியில் ஆடும் இளைஞர்களுக்கு வழிகாட்ட அனுபவமுள்ள ஒருவர் தேவைப்பட்டார், அவ்வளவுதான். முதல் அணியில் சிலர் காயமடைந்ததால் அவருக்கு வாய்ப்புக் கிடைத்தது. அணித் தலைவராக இருந்த ஷான் ஃபாலன் கை முறிந்து விலகியபோது, அணித் தலைமையும் அவரிடம் வந்தது. 1953இல் முடிசூட்டு விழாக் கோப்பையையும், அடுத்த பருவத்தில் லீக், ஸ்காட்டிஷ் கோப்பை இரண்டையும் அவர் தலைமையில் செல்டிக் வென்றது. ஆனாலும் ஆட்டக்காரராக அவர் நடுத்தரம்தான் என்பது என் கணிப்பு: தலையால் பந்தை விலக்குவதில் கெட்டிக்காரர், வேகம் போதாத பின்கள வீரர். கணுக்கால் காயம் 1957இல் அந்த வாழ்வை முடித்து வைத்தது.

அதன்பின் செல்டிக்கின் இளைஞர்களைப் பயிற்றுவித்தார். பின்னாளில் செல்டிக்கின் அணித் தலைவரான பில்லி மக்னீல் போன்றோர் அப்படித்தான் அவரிடம் பாடம் கேட்டார்கள். ஆனால் அங்கே மேலாளர் பதவி எளிதில் கிட்டாது. ஐரிஷ் கத்தோலிக்கக் குடியேறிகளுக்காகத் தொடங்கப்பட்ட கழகம் அது. அதுவரை இருந்த மூன்று மேலாளர்களும் கத்தோலிக்கர்கள். ஸ்டீனோ புராட்டஸ்டன்ட் குடும்பத்தவர். 1960இல் டன்ஃபர்ம்லைன் கழகத்துக்குப் பொறுப்பேற்று, கீழ்ப்பிரிவுக்கு இறங்கவிருந்த அந்த அணியைக் காப்பாற்றினார். மறு ஆண்டே ஸ்காட்டிஷ் கோப்பை இறுதியாட்டத்தில் செல்டிக்கையே 2-0 என்று தோற்கடித்தார். 1964இல் ஹிபெர்னியன் சென்றார். இதற்கிடையில் 1963இல் மிலான் நகருக்குப் பயணம் செய்து, இன்டர் மிலான் அணியை ஹெலனியோ ஹெரேரா எப்படிப் பழக்குகிறார் என்று நேரில் பார்த்துவந்தார். கோட்டைபோலத் தற்காப்பை அமைத்துக்கொண்டு எதிர்பாராமல் பாய்வது ஹெரேராவின் வழி.

1965 மார்ச்சில் செல்டிக் அவரைத் தேடி வந்தது. ஃபாலனோடு பொறுப்பைப் பகிர்ந்துகொள்ளலாம் என்று கெல்லி பேசிப் பார்த்தார்; ஸ்டீன் இணங்கவில்லை. அணித் தேர்வு முழுவதும் தமக்கே என்பதை உறுதி செய்துகொண்டுதான் உள்ளே வந்தார். அந்த ஃபாலன் மனத்தாங்கல் எதுவுமின்றி அவருக்குத் துணையாளராகவே நின்றதையும் இங்கே சொல்லியாக வேண்டும். இன்னொரு வேடிக்கை, கோல்கீப்பர் ரானி சிம்ப்சன் கதை. ஹிபெர்னியனில் இருந்தபோது ஸ்டீன்தான் அவரை வேண்டாமென்று செல்டிக்குக்கு விற்றிருந்தார். விற்றவரே மேலாளராக வந்து நின்றபோது சிம்ப்சன் என்ன நினைத்திருப்பார்! ஆனால் ஸ்டீன் தம் பழைய முடிவைக் கட்டிக்கொண்டு அழவில்லை. முப்பத்தைந்தைத் தாண்டிய அந்த மனிதரைத்தான் லிஸ்பனிலும் கோல் முன்னே நிறுத்தினார்.

1967 மே 25, லிஸ்பன், ஐரோப்பியக் கோப்பை இறுதியாட்டம். எதிரே ஹெரேராவின் இன்டர் மிலான். செல்டிக்கின் பதினொருவரும் கிளாஸ்கோவிலுள்ள தங்கள் மைதானத்திலிருந்து ஏறத்தாழ 30 மைல் தொலைவுக்குள் பிறந்தவர்கள். ஏழாம் நிமிடத்திலேயே இன்டரின் மத்சோலா பெனால்டியில் கோல் அடித்தார். அதன் பிறகு இத்தாலியர்கள் பின்வாங்கிக் காவல் காக்க, செல்டிக் அலையலையாகத் தாக்கியது. 63ஆம் நிமிடத்தில் சமன் செய்த கோலைக் கவனித்தால் ஸ்டீனின் கால்பந்து விளங்கிவிடும்: வலப்பக்கப் பின்கள வீரர் ஜிம் கிரெய்க் பந்தைத் தள்ளிக் கொடுக்கிறார், இடப்பக்கப் பின்கள வீரர் டாமி ஜெம்மல் ஓடிவந்து அடிக்கிறார். தற்காப்புக்கென்று நிறுத்தப்பட்ட இருவரும் எதிரணியின் கோல் முன்னே நின்றார்கள்! 84ஆம் நிமிடத்தில் சால்மர்ஸ் இரண்டாம் கோலைப் போட, ஐரோப்பியக் கோப்பையை வென்ற முதல் பிரிட்டிஷ் கழகம் ஆனது செல்டிக். பந்தை விலக்குவதையே தொழிலாகக் கொண்டிருந்த பழைய பின்கள வீரர் இப்படியோர் அணியை உருவாக்கியதுதான் எனக்கு இன்றும் வியப்பு.

1966 முதல் 1974 வரை தொடர்ந்து ஒன்பது லீக் பட்டங்கள் வந்தன. 1970இல் மீண்டும் ஐரோப்பிய இறுதியாட்டத்துக்குச் சென்று நெதர்லாந்தின் ஃபெயனூர்ட் கழகத்திடம் தோற்றது செல்டிக். 1975இல் நேர்ந்த கார் விபத்து அவரைச் சாவின் விளிம்புவரை கொண்டுபோனது. ஒரு பருவம் முழுவதும் பணியில் இல்லை. 1978இல் கழகம் அவரை மேலாளர் பதவியிலிருந்து இறக்கி, பரிசுச் சீட்டு விற்பனை போன்ற நிதி திரட்டும் வேலையைக் கொடுக்க முன்வந்தது. இவ்வளவு கொடுத்தவருக்கு அது பொருத்தமான இருக்கை அன்று. லீட்ஸ் யுனைடெட் கழகத்தில் 44 நாட்கள் இருந்துவிட்டு, அதே ஆண்டில் ஸ்காட்லாந்து தேசிய அணியை ஏற்றார். 1982 உலகக் கோப்பைக்கு அந்த அணியை அழைத்துச் சென்றார். கோல் வித்தியாசத்தில் முதல் சுற்றோடு திரும்ப நேர்ந்தது.

1985 செப்டம்பர் 10, கார்டிஃப் நகரின் நினியன் பார்க். அடுத்த உலகக் கோப்பைக்கான வாய்ப்பைத் தக்கவைக்க, வேல்ஸுக்கு எதிராகச் சமநிலையாவது வேண்டும். ஸ்காட்லாந்து ஒரு கோல் பின்தங்கியிருந்தது. ஓரமாக அவர் பக்கத்தில் துணையாளர் அலெக்ஸ் ஃபெர்குசன் இருந்தார். இரண்டாம் பாதியில் கோர்டன் ஸ்ட்ரகனை வெளியே அழைத்து, டேவி கூப்பரைக் களமிறக்கினார் ஸ்டீன். 81ஆம் நிமிடத்தில் கிடைத்த பெனால்டியைக் கோலாக்கியவர் அந்தக் கூப்பர்தான். ஆட்டம் 1-1 என்று முடியும் தறுவாயில் மேலாளர் நெஞ்சுவலியால் சரிந்தார்; மைதானத்தின் மருத்துவ அறையிலேயே அவர் உயிர் பிரிந்தது. வயது 62. அணி உலகக் கோப்பைக்கான வழியில் இருந்தது. அவர் கடைசியாகச் செய்த ஆட்டக்காரர் மாற்றம் அந்த வழியைத் திறந்துவிட்டிருந்தது.