மார்லீன் டீட்ரிச்: பெர்லினைப் பகைத்துக்கொண்ட பெர்லின்காரி

நேயர்களுக்கு வணக்கம். ஜெர்மன் நடிகைகளில் உலகம் முழுக்கப் பெயர் தெரிந்தவர் மார்லீன் டீட்ரிச். அவருடைய அழகைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். நான் பேச வந்தது அவருடைய பிடிவாதத்தைப் பற்றி.

1901 டிசம்பர் 27-ம் தேதி பெர்லினின் ஷோனபெர்க் பகுதியில் பிறந்தார். அப்பா போலீஸ் அதிகாரி. மகள் சிறுமியாக இருந்தபோதே காலமாகிவிட்டார். மார்லீன் வயலின் படித்தார். மணிக்கட்டு கெட்டுப்போனதால் அதை விட்டுவிட்டு மேடை நடனத்துக்கு வந்தார். அப்புறம் ஊமைப்படங்களில் சின்னச் சின்ன வேடங்கள்.

திருப்பம் 'நீல தேவதை'. இயக்குநர் ஜோசப் ஃபான் ஸ்டெர்ன்பெர்க். கண்டிப்பான ஒரு பள்ளி ஆசிரியர், லோலா என்ற விடுதிப் பாடகியிடம் மயங்கிச் சீரழிகிற கதை. ஆசிரியராக நடித்த எமில் யானிங்ஸ் அன்று பெரிய நட்சத்திரம். ஆனால் படம் வந்தபிறகு ஊர் பேசியதெல்லாம் லோலாவாக நடித்த டீட்ரிச்சைத்தான். 1930 ஏப்ரல் 1-ம் தேதி பெர்லினில் முதல் காட்சி. அன்று இரவே அவர் அமெரிக்காவுக்குப் புறப்பட்டுவிட்டார்.

ஹாலிவுட்டில் ஸ்டெர்ன்பெர்க்கோடு ஆறு படங்கள். முதல் படமான 'மொராக்கோ'வுக்கே ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. இந்தப் படங்களைப் பார்க்கும்போது வெளிச்சத்தைக் கவனியுங்கள். முக்கிய விளக்கு முகத்துக்கு நேரெதிரே, நல்ல உயரத்தில் இருக்கும். மேலிருந்து வெளிச்சம் இறங்கும்போது கன்ன எலும்பு எடுப்பாகத் தெரியும், கன்னம் ஒட்டினாற்போல நிழல் விழும், மூக்குக்குக் கீழே வண்ணத்துப்பூச்சி மாதிரி ஒரு சின்ன நிழல் உட்காரும். கொஞ்சம் உருண்டையான அந்த முகத்தைச் செதுக்கியது அந்த விளக்குதான். அந்த வித்தையை டீட்ரிச் முழுதாகக் கற்றுக்கொண்டார். பிற்பாடு வேறு இயக்குநர்களிடம் போனபோதும் தன் முகத்துக்கு எந்த விளக்கு எங்கே வேண்டும் என்று அவரே சொல்வார். கர்வம் என்றார்கள் சிலர். தொழில் தெரிந்தவரின் அக்கறை என்பேன் நான்.

1933-ல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். திரும்பி வந்து ஜெர்மன் படங்களில் நடிக்கும்படி நாஜிகள் ஆசை காட்டி அழைத்தார்கள். அவர் போகவில்லை. 1939-ல் அமெரிக்கக் குடிமகள் ஆனார். போர் வந்ததும் வட ஆப்பிரிக்கா, இத்தாலி என்று போர்முனைக்கே போய்ச் சிப்பாய்களுக்குப் பாடினார். அமெரிக்க உளவுத்துறைக்காக அவர் ஜெர்மன் மொழியில் பாடிய பாடல்கள் வானொலி வழியே ஜெர்மன் சிப்பாய்களின் காதுக்கும் போயின.

போர் முடிந்தபோது அவருடைய அக்கா, நாஜி வதைமுகாம் இருந்த பெல்சனில் இருந்தார், கைதியாக அல்ல. வதைமுகாமின் காவல் சிப்பாய்கள் வந்துபோகும் சினிமா கொட்டகையைக் கணவரோடு நடத்திக்கொண்டிருந்தார். அதன்பிறகு, கூடப்பிறந்தவர் யாரும் இல்லை என்றே டீட்ரிச் சொல்லிவந்தார். அது அவருக்கு எத்தனை வலித்திருக்கும்!

1960-ல் பாடுவதற்காக ஜெர்மனிக்குப் போனார். பெர்லினில், அவர் பிறந்த அதே ஊரில், 'மார்லீன், உன் ஊருக்குப் போ' என்று அட்டை பிடித்தார்கள். டூசல்டார்ஃபில் ஓர் இளம்பெண் முகத்தில் துப்பினாள். நாட்டைக் காட்டிக்கொடுத்தவர் என்று கோபம். யாரைக் காட்டிக்கொடுத்தார்? ஹிட்லரைத்தானே! அப்படியும் பின்வாங்காமல் பாடினார். மியூனிக்கில் கைதட்டல் ஓயவில்லை. அதே ஆண்டு இஸ்ரேலுக்குப் போய், அங்கே மேடையில் யாரும் தொடத் தயங்கிய ஜெர்மன் மொழியிலேயே பாடினார். கேட்டவர்கள் ஏற்றுக்கொண்டார்கள்.

1975-ல் சிட்னி மேடையில் விழுந்து தொடை எலும்பு முறிந்தது. கடைசிக் காலம் பாரிஸ் வீட்டுக்குள்ளேயே கழிந்தது. தன்னைப் பற்றிய ஆவணப்படத்துக்கே குரல் மட்டும்தான் கொடுத்தார். கேமரா முன் வர மறுத்துவிட்டார். 1992 மே 6-ம் தேதி இறந்தார். பெர்லினில் அம்மாவின் கல்லறைக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள்.

2002-ல் பெர்லின் அவரைக் கௌரவக் குடிமகளாக அறிவித்தது. இறந்து பத்து வருடம் கழித்து! உயிரோடு இருந்தபோது, அந்த 1960-லேயே, கொடுத்திருக்க வேண்டிய மரியாதை அது.

வணக்கம்.