டிரங்குப் பெட்டிக்குள் ஒரு காது

[திரையில்: கருப்பு வெள்ளைக் காட்சி. மாடி நடை, எதிரெதிரே இரண்டு வீட்டுக் கதவுகள்]

அமெரிக்க நகைச்சுவை ஜோடியான லாரலும் ஹார்டியும் முதன்முதலாக வாய்திறந்து பேசிய படம் இது. ஹால் ரோச் ஸ்டுடியோ தயாரித்து, 1929 மே மாதம் வெளிவந்த குறும்படம். ஓடுவது சுமார் 20 நிமிடம். பெயர் 'அன்அக்கஸ்டம்ட் ஆஸ் வி ஆர்'. மேடை ஏறியதும் "எனக்குப் பேசிப் பழக்கமில்லை" என்பார்களே, அந்த ஆங்கில வாசகத்தின் முதல் பாதி. புதிதாகப் பேச வந்தவர்களுக்கு என்ன பொருத்தமான பெயர்!

ஹார்டி முன்கூட்டிச் சொல்லாமல் நண்பர் லாரலைச் சாப்பிடக் கூட்டி வருகிறார். மனைவி பிடிபிடியென்று பிடிக்கிறார். பக்கத்தில் கிராமபோன் ஓடுகிறது. கொஞ்சம் கொஞ்சமாக அவருடைய திட்டு அந்த இசையின் தாளத்தில் போய் விழுகிறது. அதை உணர்ந்ததும் கோபம் இரட்டிப்பாகிறது. மௌனப் படத்தில் இந்தச் சிரிப்புக்கு வழியே இல்லை.

[திரையில்: சமையலறை, புகை]

மனைவி வெளியேறிவிட, எதிர்வீட்டுப் பெண் சமைக்க உதவ வருகிறார். அடுப்புத் தீயில் அவர் உடை எரிந்துபோகிறது. அந்த நேரம் பார்த்து ஹார்டியின் மனைவி திரும்பி வருகிறார். சரி, என்ன செய்வது? அந்தப் பெண்ணை டிரங்குப் பெட்டிக்குள் ஒளித்துவைக்கிறார்கள்.

அடுத்து வருகிறார் அந்த எதிர்வீட்டுப் பெண்ணின் கணவர், ஒரு போலீஸ்காரர். பெட்டிக்குள் யாரோ ஒரு பெண் என்று மட்டும் தெரிகிறது அவருக்கு. உதவுவதாக நினைத்துப் பெட்டியைத் தன் வீட்டுக்கே கொண்டுபோகிறார். மனைவிக்குத் தெரியாமல் இதையெல்லாம் எப்படிச் செய்வது என்று, தன் லீலைகளைச் சொல்லிச் சொல்லிப் பெருமையடிக்கிறார். பெட்டிக்குள் அவர் மனைவி ஒவ்வொரு சொல்லையும் கேட்டுக்கொண்டிருக்கிறார்!

எனக்கு இந்தப் படத்தின் உயிரே இங்கேதான். ஒளித்துவைத்தது கண்ணுக்கு, ரகசியம் உடைவதோ காது வழியே. ஒலி வந்த புதிதில் பலர் வசனத்தை அடுக்கிக்கொண்டிருந்தபோது, இவர்கள் கேட்பதையே கதையாக்கிவிட்டார்கள்.

இந்தப் படத்தின் ஒலி தனி இசைத்தட்டுகளில் பதிவானது. அவை தொலைந்து, பல பத்தாண்டுகள் இது ஊமைப் படமாகவே இருந்தது. 1970களில் தட்டுகள் கிடைத்த பிறகுதான் குரல் திரும்பியது.

அப்புறம் அந்தக் கடைசிக் காட்சி. எல்லாம் முடிந்து லாரல் நிம்மதியாகக் கிளம்புகிறார். படியில் உருண்டு விழுவதை நமக்குக் காட்டவே மாட்டார்கள்.

[திரையில்: படியில் விழும் சத்தம் மட்டும். தடதடவென்று, கடைசிப் படிவரை]